என் பூரணம், அண்ணியின் மாவு

மே 3, ஞாயிறு

இன்று பூசையில் சாமியார் என்ன பிரசங்கம் செய்தார் என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. எனக்கு முன்வரிசையில் என் பெரியப்பா மகள் கித்தேரியா புது விக் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அது மெதுவாக இடப்பக்கம் நகர்ந்துகொண்டே வந்தது. நற்கருணை வாங்கும் நேரத்தில் காதை எட்டிவிட்டது. இதை விட்டுவிட்டுப் பிரசங்கம் கேட்க நான் என்ன புனிதையா?

வாசலில் அவளே என்னைப் பிடித்தாள்.

“ஏன்டி துல்சினா, உன் அண்ணி ஊரை விட்டே போறாளாமே? சிவப்புச் சந்தை மீன்காரி சொன்னா.”

“எங்க?”

“எல்லைக்கு அந்தப் பக்கம், கோங்மூனுக்கு. தங்கச்சி அங்க புது வீடு வாங்கியிருக்காளாம். ஒரு ரூம் சும்மாவே கிடக்குதாம். உனக்குத் தெரியாதா?”

“தெரியுமே,” என்றேன்.

தெரியாது. எனக்குப் பதிவு அலுவலகத்தில் வேலை. மக்காவோவில் யார் பிறந்தாலும், கட்டினாலும், செத்தாலும் காகிதம் என் மேசையைத் தாண்டித்தான் போக வேண்டும். ஊர் வம்பெல்லாம் எனக்கு முதலில் வரும். என் வீட்டுச் செய்தி மட்டும் மீன்காரியிடம் ஆரம்பித்து ஒரு விக் வழியாக என்னிடம் வந்து சேர்கிறது.

மே 4, திங்கள்

விசாரிக்கவில்லை. எனக்கும் மானம் உண்டு.

மே 5, செவ்வாய்

விசாரித்தேன்.

மீன்காரி ஒரு கிலோ மீனை எடைபோடும் நேரத்தில் மொத்தத்தையும் கொட்டிவிட்டாள். அண்ணி இன்னும் முடிவு சொல்லவில்லையாம். “வீட்டுக்காரர் பிறந்த நாள் முடியட்டும், அப்புறம் சொல்றேன்” என்று தங்கைக்குச் சொல்லியிருக்கிறாளாம். பிறந்த நாள் ஜூன் 27. இன்னும் ஏழு வாரம் இருக்கிறது.

என் அண்ணன் ஜனுவாரியு முப்பது வருஷம் தீயணைப்புக்காரனாக இருந்தான். எரிகிற பட்டாசுக் கிடங்குக்குள் போய்விட்டுப் புருவம் மட்டும் கருகித் திரும்பி வந்தவன். போன ஆகஸ்டில், சோபாவில் உட்கார்ந்து தொலைக்காட்சியில் குதிரைப் பந்தயம் பார்த்துக்கொண்டே போய்விட்டான். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. எனக்குப் புருஷனே இல்லை. அவன் இருந்தவரை மாதத்தின் முதல் சனிக்கிழமை அவன் வீட்டில்தான் தேநீர். அவன் போனதும் அதுவும் நின்றது. அண்ணி கூப்பிடவில்லை, கூப்பிடாமல் போக எனக்குக் கால் வரவில்லை.

நாத்தனார் என்பது அண்ணன் உயிரோடு இருக்கும்வரைதான் ஓடும் உத்தியோகமா? ஓய்வூதியம் எதுவும் கிடையாதா?

மே 9, சனி

கால் வந்துவிட்டது. மீன் வாங்கிப் பொரித்து எடுத்துக்கொண்டு போனேன். அண்ணி கதவைத் திறந்து, முதலில் மீனைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள்.

“எட்டு மாசத்துல இளைச்சிருப்பேன்னு பார்த்தேன்,” என்றாள். “இல்ல.”

சௌஃபோங் அண்ணிக்கு என்னைவிட ஒரு வயது குறைவு. பாதி ஆள் குறைவு என்று சொன்னாலும் தகும். வாயில் மட்டும் சரிக்குச் சரி.

கூடத்தில் மூன்று அட்டைப்பெட்டிகள் மடித்தபடி சுவரில் சாய்ந்திருந்தன. நான் பார்க்காததுபோல் இருந்தேன். நான் பார்க்காததுபோல் இருப்பதை அவள் பார்க்காததுபோல் இருந்தாள்.

“இருபத்தேழாம் தேதி அவருக்கு அறுபது,” என்றாள். “கொழுத்த தேநீர் வைக்கணும். என் வீட்லயே.”

எனக்கு மூச்சு வந்தது. போர்த்துகீசியரும் சீனரும் கலந்த எங்கள் ஆட்களுக்குக் கல்யாணமோ பிறந்த நாளோ எதுவானாலும் கொழுத்த தேநீர்தான். நாலு மணிக்குத் தேநீர் என்று உட்கார்ந்து, ஏழு மணிக்குப் பொத்தானைத் தளர்த்திக்கொண்டு எழுந்திருப்பது. அதில் எப்போதும் என் பலகாரம் சிலிகோட்டு: மைதா ஓடு, உள்ளே கொத்துக்கறியும் மஞ்சள் போட்ட உருளைக்கிழங்கும். அண்ணியுடையது அவள் பிறந்த வீட்டுக் கொழுக்கட்டை: பசையரிசி மாவில் பூரணம் வைத்துப் பொரித்தது, வெளியே மொறுமொறு, உள்ளே இழுவை, லேசாக இனிப்பு.

“வழக்கம்போலத்தானே? உங்களுது உங்களுது, என்னுது என்னுது?” என்று கேட்டேன்.

“இல்ல. அவர் பண்ணுவாரே, அதை இந்தத் தடவை நாம ஒழுங்கா பண்ணுவோம்.”

ஜனுவாரியு மேசையில் செய்யும் அக்கிரமம் அது. என் சிலிகோட்டைப் பிளந்து பூரணத்தைத் தோண்டி எடுப்பான். அண்ணியின் கொழுக்கட்டையைக் கிழித்து, அதன் பூரணத்தைத் தட்டோரம் தள்ளிவிட்டு, என்னுடையதை உள்ளே அடைத்து ஒரே வாயில் போடுவான். இரண்டு பேரும் திட்டுவோம். மென்றுகொண்டே, “ரெண்டு பேரையும் ஒன்னா உக்கார வச்சிருக்கேன், வாயைக் கெளறாதீங்க” என்பான்.

“உன் பூரணம், என் மாவு,” என்றாள் அண்ணி. “முதல்லயே ஒன்னா வச்சுப் பொரிச்சிடுவோம்.”

“ஆகட்டும் அண்ணி,” என்று உற்சாகமாகச் சொல்லிவிட்டேன். மாடிப்படி இறங்கும்போதுதான் வயிற்றில் கல் விழுந்தது.

மே 10, ஞாயிறு

கல்லைப் பற்றி எழுதத்தான் வேண்டும். பூட்டு வைத்த நோட்டு இது, பயமில்லை.

எங்கள் பெண்களிடம் சமையல் குறிப்பு கேட்டால் இல்லை என்று சொல்லமாட்டார்கள். சொல்வது மரியாதைக் குறைவு. நல்ல காகிதத்தில், நல்ல கையெழுத்தில் எழுதிக் கொடுப்பார்கள். ஒன்றை மட்டும் விட்டுவிடுவார்கள். கித்தேரியாவின் தேங்காய்க் கேக்கில் எத்தனை முட்டை என்பது அவளுக்கும் ஆண்டவருக்கும் மட்டும் தெரியும். நான் அவளிடம் மூன்று தடவை கேட்டு மூன்று வெவ்வேறு எண் வாங்கியிருக்கிறேன்.

இருபத்தாறு வருஷம் முன்பு அண்ணி புதுப் பெண்ணாக வந்தாள். வந்த மாதமே சிலிகோட்டுக்குக் குறிப்பு கேட்டாள். பாவி நான், எழுதிக் கொடுத்தேன். பலிச்சாங்கை விட்டுவிட்டேன். பொடி இறாலை உப்பு, மிளகாய், பிரிஞ்சி இலை, ஒரு மூடி பிராந்தி போட்டு ஜாடியில் மாதக்கணக்கில் ஊறவைக்கும் விழுது அது. கொழுப்பில் வெங்காயம் வதங்கும்போது ஒரு கரண்டி போட வேண்டும். அதுதான் உயிர். அது இல்லாவிட்டால் சிலிகோட்டு வெறும் கறி மூட்டை.

இருபத்தாறு வருஷமாக எல்லாத் தேநீருக்கும் அண்ணி ஒரு தட்டுச் சிலிகோட்டும் செய்து வைப்பாள். சப்பென்று இருக்கும். எல்லோரும் மரியாதைக்கு ஒன்று எடுத்துவிட்டு என் தட்டுக்கு வருவார்கள். நான் தலையைச் சாய்த்து, “அண்ணியோடதும் நல்லாத்தான் இருக்கு” என்பேன். நல்ல பெண்மணி!

தண்டனை அன்றைக்கே ஆரம்பித்துவிட்டது என்றும் சொல்லலாம். பதிலுக்கு அவள் தன் கொழுக்கட்டைக்குக் குறிப்பு கொடுத்தாள். எழுத்துக்கு எழுத்து அப்படியே செய்கிறேன். எண்ணெயில் போட்டதும் வெடிக்கிறது. கூரையில் கறை, கையில் தழும்பு. மூன்றாவது தடவை வெடித்தபோது ஜனுவாரியு தன் பழைய தீயணைப்பு ஹெல்மெட்டைக் கொண்டுவந்து என் தலையில் வைத்தான். முகமூடிக் கண்ணாடியோடு. அன்றிலிருந்து அதை அணிந்துதான் பொரிக்கிறேன். என் கை ராசி அப்படி.

இப்போது சங்கதி இதுதான். பலிச்சாங் இல்லாமல் என் பூரணம் என் பூரணமே இல்லை. போட்டால் குட்டு உடையும். ஏற்கெனவே பெட்டி வாங்கி வைத்திருப்பவளுக்கு ஊரை விட்டுப் போக இதைவிட நல்ல காரணம் வேண்டுமா?

மே 28, வியாழன்

படகுப் பந்தயத் திருநாள். அண்ணி இலையில் கட்டின பசையரிசிப் பொட்டலங்கள் கொடுத்தனுப்பியிருந்தாள். ஒன்றைப் பிரித்தேன், உள்ளே இரண்டு உப்பு முட்டை மஞ்சள்கரு. எனக்கு எப்போதும் ஒன்றுதான் வரும். இரண்டு போடுவது அவனுக்கு.

கை மறந்து போட்டதா, தெரிந்தே போட்டதா? இரண்டையும் தின்றேன்.

ஜூன் 6, சனி

ஒத்திகை, அண்ணி வீட்டுச் சமையலறையில்.

வேலையைப் பிரித்த விதத்திலேயே அண்ணியின் விஷமம் தெரிந்திருக்க வேண்டும் எனக்கு. “நான் உன் குறிப்பை வச்சுப் பூரணம் பண்றேன். நீ என் குறிப்பை வச்சு மாவு பிசை. ரெண்டும் ரெண்டு பேருக்கும் கை வரட்டும்,” என்றாள். என் இருபத்தாறு வருஷக் காகிதத்தை அலமாரியிலிருந்து எடுத்தாள். எண்ணெய்க் கறை, மஞ்சள் கறை. பிளாஸ்டிக் உறையில் போட்டு வைத்திருக்கிறாள்! கையெழுத்தின் அழகைப் பார்க்க எனக்கே கூசியது.

அவள் ஒவ்வொரு வரியாகச் சத்தமாகப் படித்தாள். “வெங்காயம் பொன்னிறமாகணும்… அப்புறம் நேரா கறியா?”

“நேரா கறிதான்.”

“நடுவுல ஒன்னும் இல்ல?”

“என்ன இருக்கப் போகுது?”

“அதான் கேட்டேன்.”

நான் ஹெல்மெட்டைப் போட்டுக்கொண்டு முதல் நான்கை எண்ணெயில் விட்டேன். ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுவதற்குள் டப். பிறகு டப் டப். நான்காவது அடுப்பைத் தாண்டிப் போய்க் காலண்டரில் ஒட்டிக்கொண்டது. அண்ணி ஏப்ரன் துணியால் வாயை மூடிக்கொண்டு தோள் குலுங்க நின்றாள். அழுகிறாள், அவன் நினைவு வந்துவிட்டது என்று நினைத்து நானும் கண் கலங்கினேன்.

அடுத்த ஈட்டில் வெடிக்காமல் தப்பித்த ஒன்றைப் பங்குபோட்டுத் தின்றோம்.

“என்னமோ குறையுது துல்சீ,” என்றாள்.

“உப்பா?”

“உப்பு இல்ல.”

பெட்டிகள் இப்போது நான்கு.

ஜூன் 7, ஞாயிறு

சொல்லிவிட வேண்டியதுதான்.

ஜூன் 9, செவ்வாய்

சொல்லவில்லை. சொல்லாமலே சரிசெய்ய ஒரு வழி தோன்றியிருக்கிறது. என் மூளையை யாராவது நல்ல வேலைக்குப் பயன்படுத்தியிருக்கலாம்.

ஜூன் 20, சனி

வழியின் கதை.

ஒரு பழைய முகப்பூச்சு டப்பாவைக் கழுவி, அதில் மூன்று கரண்டி பலிச்சாங் அடைத்துக் கைப்பையில் போட்டுக்கொண்டு இரண்டாம் ஒத்திகைக்குப் போனேன். பேருந்தில் எனக்கு அக்கம்பக்கம் இரண்டு இருக்கையும் காலியானது. வசதியாக வந்தேன்.

வெங்காயம் வதங்கிக்கொண்டிருந்தது. தொலைபேசி மணி அடித்தது. அண்ணி கூடத்துக்குப் போனாள். தங்கைதான். நான் டப்பாவைத் திறந்து ஒரு கரண்டியை வாணலியில் தள்ளிக் கிளறினேன். ஒன்று மறந்துபோய்விட்டது எனக்கு: பலிச்சாங் கொழுப்பில் பட்டால் தெருமுனை வரைக்கும் தகவல் போகும்.

அண்ணி திரும்பி வந்தாள். வாசலிலேயே நின்று மூக்கை இரண்டு தடவை உறிஞ்சினாள். நான் சுவரைப் பார்த்துக்கொண்டு கிளறினேன்.

“சாக்கடை அடைச்சிருக்கு போல,” என்றாள். முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை. அலமாரியிலிருந்து அடைப்பு நீக்கும் மருந்தை எடுத்து முழுப் பாட்டிலையும் தொட்டியில் கவிழ்த்தாள். “இப்பப் போயிடும்.”

“ஆமாமா. போயிடும்,” என்றேன்.

பூரணம் பிரமாதமாக இருந்தது. அவள் ஒரு விரலால் எடுத்து ருசி பார்த்து, “இன்னிக்கு என்னவோ கறி நல்ல கறி” என்று மட்டும் சொன்னாள். மாவு வழக்கம்போல் வெடித்தது.

வீட்டுக்கு வந்து முகம் கழுவி, பழக்க தோஷத்தில் அந்த டப்பாவைத் திறந்து கன்னத்தில் தடவிக்கொண்டேன். மூன்று தடவை சோப்பு போட்டும் போகவில்லை. கடவுள் சும்மா இருப்பதில்லை.

இன்னொன்று. தொலைபேசியில் அவள் தங்கையிடம் பேசியதும் காதில் விழுந்தது. சமையலறைக்கும் கூடத்துக்கும் நடுவில் ஒரு துணித் திரைதான். “இங்க என்ன இருக்குன்னு கேட்கிறியா… யாரும் ஒன்னும் சொல்லலியே, இரு போகாதேன்னு யாராவது சொன்னாத்தானே” என்றாள். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. அதுதான் தாங்கவில்லை.

நான் சொல்லலாமா? சொல்றதுக்கு நான் யாரு? இருபத்தாறு வருஷமா ஏமாத்தினவ, எந்த மூஞ்சியை வச்சிக்கிட்டு இருன்னு சொல்றது? முதல்ல அதைச் சொல்லணும், அப்புறம்தான் இதைச் சொல்லணும். அதைச் சொன்னா இதுக்கு இடமே இருக்காதே…

ஜூன் 26, வெள்ளி

மூன்றாம் எண் புயல் சிக்னல் ஏற்றியிருக்கிறார்கள். கித்தேரியா தொலைபேசியில்: “புயல் வந்தாலும் நான் வந்துடுவேன். எனக்கு ஒரு டஜன் எடுத்து வை.” பதினான்கு பேரைக் கூப்பிட்டிருக்கிறோம்.

நாளை சொல்வேன். டப்பாவை அல்ல, ஜாடியையே எடுத்துக்கொண்டு போவேன்.

ஜூன் 28, ஞாயிறு

நேற்று எழுத முடியவில்லை; அண்ணி வீட்டிலேயே தங்கும்படி ஆயிற்று. வரிசையாக எழுதப் பார்க்கிறேன்.

காலை பதினொன்றுக்கு எட்டாம் எண் சிக்னல். எட்டு என்றால் பேருந்து கிடையாது, கடை கிடையாது, யாரும் யார் வீட்டுக்கும் போக முடியாது. ஒவ்வொருவராகத் தொலைபேசியில் வரவில்லை என்றார்கள். கித்தேரியாகூட. விக் பறந்துவிடும் என்று பயமாக இருக்கும்.

எனக்கும் அண்ணிக்கும் நடுவில் இரண்டு பேருந்து நிறுத்தம்தான், நடந்தே போகலாம். மழைக்கோட்டு, அதற்குள் ஜாடி, தலையில் ஹெல்மெட். போனேன். ஒரு விளம்பரப் பலகை எனக்கு முன்னால் தெருவைக் கடந்து ஓடியது. எதிர்வீட்டுக்காரர் ஜன்னலிலிருந்து, “எங்கம்மா தீ?” என்று கத்தினார்.

அண்ணி கதவைத் திறந்து என்னை மேலிருந்து கீழ்வரை பார்த்தாள். “உள்ள வா. செத்தா எந்தப் படத்தை வச்சு மாலை போடுறது, உன்னோடது ஒன்னுகூட நல்லா இல்ல.”

சமையலறையில் எல்லாம் தயாராக எடுத்து வைத்திருந்தாள், பதினான்கு பேருக்கு. கூடத்து அலமாரியில் அவன் படம், பக்கத்தில் ஊதுபத்தி. நான் சொட்டச் சொட்ட நின்றபடியே ஆரம்பித்தேன். உட்கார்ந்தால் சொல்லமாட்டேன் என்று எனக்குத் தெரியும்.

“அண்ணி, அந்தக் காகிதம். நான் எழுதிக் கொடுத்தது.”

“ம்.”

“அதுல ஒன்னை விட்டுட்டேன். வேணும்னேதான்.”

ஜாடியை மேசையில் வைத்தேன். அவள் அதைப் பார்த்தாள். எழுந்து போய்த் தொட்டிக்கு அடியில் குனிந்து, நீல மூடி போட்ட இன்னொரு ஜாடியைக் கொண்டுவந்து என் ஜாடிக்குப் பக்கத்தில் வைத்தாள். திறக்க வேண்டியிருக்கவில்லை. வாசனையே சொன்னது.

“கல்யாணம் ஆன மூணாவது வாரமே உங்கண்ணன் சொல்லிட்டார். அவர் வாயில எந்த ரகசியம் நின்னிருக்கு?”

“அப்ப… தேநீருக்கு நீங்க வைக்கிற தட்டு? சப்புன்னு…”

“அது கூட்டத்துக்கு. வீட்ல அவருக்குப் பண்றது வேற.”

நான் நாற்காலியில் உட்கார்ந்தேன். ஹெல்மெட்டைக் கழற்றத் தோன்றவில்லை.

“ஏன் அண்ணி?”

“அந்த வருஷம்தானே உன் லிஸ்பன்காரன் போஸ்ட்கார்டு போட்டான்,” என்றாள். உண்மை. எனக்கு நிச்சயம் செய்த ஆள், வேலைக்காகப் போனவன், ஒரு டிராம் வண்டிப் படத்தின் பின்பக்கம் நாலு வரி எழுதிக் கதையை முடித்தான். “நீ சாப்பிடாம கிடந்தே. உங்கண்ணன் சொன்னார், ‘இப்ப அவ கையில இருக்கிறது அந்தச் சிலிகோட்டு ஒன்னுதான். அதுலயாவது அவ ஜெயிக்கட்டும், நீ விட்டுக் கொடு’ன்னு. நானும் சரின்னேன். ஒரு வருஷத்துக்குன்னு நெனைச்சேன். நீ வேற எதையும் புடிச்சாத்தானே!”

இருபத்தாறு வருஷமாகத் தலையைச் சாய்த்து, அண்ணியோடதும் நல்லாத்தான் இருக்கு என்று… மேசைக்கு அடியில் போகலாம் போல் இருந்தது. என் அளவுக்கு அந்த மேசை போதாது.

நான் அழ ஆரம்பித்ததும் அவள் அவசரமாக, “இரு இரு. என்னை ரொம்ப நல்லவள்னு நெனைச்சிடாதே,” என்றாள். ஒரு கிண்ணத்தில் வெள்ளை வெளேரென்று ஏதோ மாவைக் கொட்டினாள். பசையரிசி மாவு அல்ல. கோதுமையிலிருந்து பிரித்தெடுக்கும் மாவுச்சத்து, தொட்டால் கிறீச்சென்றது. கொதிக்கக் கொதிக்கத் தண்ணீரை ஊற்றிக் கிளறினாள். கண்ணாடிபோல் கூழானது. அதைப் பசையரிசி மாவில் வைத்துப் பிசைந்தாள்.

“இது உங்க குறிப்புல இல்லையே,” என்றேன்.

“இல்ல.”

எனக்கு மெதுவாக விளங்கியது. ரொம்ப மெதுவாக.

“இது இல்லாட்டி…”

“வெடிக்கும்.”

“அண்ணீ! என் கையில பதினேழு தழும்பு!”

“எண்ணி வச்சிருக்கியா?” என்றாள் ஆச்சரியமாக. “உங்க வீட்டு வழக்கம்தானே? ஒன்னை விட்டுட்டுத்தான் குடுக்கணும்னு உங்கிட்டதான் கத்துக்கிட்டேன்.”

“அண்ணனுக்குத் தெரியுமா?”

“தெரியாம என்ன. நீ பொரிக்க ஆரம்பிச்சா அவர் எங்கிருந்தாலும் வந்து கதவோரம் நிப்பார்.”

“ஹெல்மெட் கொடுத்தது…”

“அது என் யோசனை. அவர் முதல்ல குழாய்தான் கொண்டாறேன்னார்.”

எவ்வளவு நேரம் சிரித்தோம் என்று தெரியாது. அவளுக்கு விக்கல் வந்துவிட்டது. வெளியே காற்று ஜன்னலைப் பிடித்து ஆட்டியது. படத்துக்கு முன்னால் ஊதுபத்திச் சாம்பல் உதிர்ந்தது. முதல் ஒத்திகையில் ஏப்ரனுக்குள் குலுங்கியவள் அழவே இல்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. நான் கண் கலங்கியதெல்லாம் வீண்!

சிரிப்பு அடங்கினதும் அவள் மாவை உருட்டிக்கொண்டே, என்னைப் பார்க்காமல் சொன்னாள்:

“நீ எப்பவும் ஒன்னை விட்டுட்டுத்தான் சொல்லுவே. இன்னிக்கும் ஒன்னு விட்டிருக்கே.”

“சத்தியமா இல்ல அண்ணி. பலிச்சாங் மட்டும்தான்.”

“சமையல்ல இல்ல.”

கூடத்தில் ஐந்து பெட்டி இருந்தது. வரும்போதே எண்ணிவிட்டேன்.

“போகாதீங்க,” என்றேன். “எனக்கு உங்களை விட்டா யாரு இருக்கா. நீங்க போயிட்டா நான் யாருக்கு நாத்தனார்? போகாதீங்க அண்ணி.”

கேட்பவர் மனம் உருகும்படி சொல்ல வேண்டிய வார்த்தைகள். நான் தீயணைப்பு ஹெல்மெட்டுக்குள்ளிருந்து, கண்ணாடியில் மூச்சு படிந்து, எதிரில் ஒன்றும் தெரியாமல் சொன்னேன்.

அவள் கண்ணாடியைத் தூக்கிவிட்டு, தன் மாவுக் கையால் என் மூக்கைத் துடைத்தாள்.

“எண்ணெய் காயுது. போடு.”

என் பூரணத்தை, முழுப் பூரணத்தை, அவள் மாவில், முழு மாவில் வைத்து மூடிப் போட்டேன். பழக்கத்தில் ஒரு காலைப் பின்னால் வைத்து ஓடத் தயாராக நின்றேன். வெடிக்கவில்லை. மெதுவாக மிதந்து வந்து, புரண்டு, உப்பி, சின்னச் சின்னக் கொப்புளம் விட்டுப் பொன்னிறமானது. எடுத்து ஆறும்வரை பொறுக்காமல் கடித்தோம். முதலில் மொறுமொறு. பிறகு அந்த இழுவை, லேசான இனிப்பு. அதற்குள்ளிருந்து உப்பும் கடலும் மிளகாயுமாகப் பலிச்சாங் எழுந்து வந்தது. அந்தக் கிறுக்கன் முப்பது நொடியில் தட்டில் செய்துகொண்டதை நாங்கள் கண்டுபிடிக்க இருபத்தாறு வருஷம்.

முதல் தட்டு அவன் படத்துக்கு முன்னால். பிறகு நாலு மணி தேநீருக்கு, பதினான்கு பேர் மேசையில், இரண்டு பேர். புயல் ஏழு மணிவரை அடித்தது. நான் பதினொன்று தின்றேன். எண்ணியது அண்ணி.

போகிறேன் என்றும் சொல்லவில்லை, இருக்கிறேன் என்றும் சொல்லவில்லை. நானும் மறுபடி கேட்கவில்லை.

ஜூலை 1, புதன்

மீன்காரிக்கும் ஒன்றும் தெரியவில்லையாம். என்ன மீன்காரி!

ஜூலை 4, சனி

புயலால் நின்றுபோன தேநீர் இன்று நடந்தது. பதினான்கு பேரும் வந்தார்கள். நான் முன்னதாகப் போனேன். கூடத்தில் பெட்டிகளைக் காணோம். கட்டி அனுப்பியே விட்டாளா? சமையலறைக்குப் போனால், எல்லாவற்றையும் பிரித்து அடுப்பைச் சுற்றித் தரையில் விரித்திருக்கிறாள், எண்ணெய் சொட்டாமலிருக்க. அதன்மேல் நின்றுதான் பொரித்தோம்.

கித்தேரியா ஒன்பது தின்றாள். கடைசியில் விரலை நக்கிக்கொண்டு, “இதுக்குக் குறிப்பு குடேன்,” என்றாள்.

“அதுக்கென்ன,” என்று அண்ணி உடனே நல்ல காகிதம் எடுத்து, நிதானமாக, அழகான கையெழுத்தில் எழுதினாள். நான் தோளுக்குப் பின்னால் நின்று படித்தேன். பலிச்சாங் இல்லை. கொதிதண்ணீரில் கிளறும் மாவும் இல்லை.

“ஒன்னுதானே விடணும்? ரெண்டா விட்டிருக்கீங்க,” என்று அவள் காதில் சொன்னேன்.

“ஒன்னு உன்னோடது. ஒன்னு என்னோடது,” என்றாள்.

கித்தேரியாவுக்கு ஹெல்மெட்டை இரவல் தருவதா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

ஆகஸ்ட் 2, ஞாயிறு

பொடி இறால் வந்திருக்கிறது என்று மீன்காரி சொன்னாள். அண்ணியும் நானும் போய் வாங்கிவந்து அலசி, உப்பு போட்டு, புது ஜாடி போட்டோம். பிராந்தி ஒரு மூடிக்குப் பதில் இரண்டு மூடி. இன்னும் இரண்டு மூடி ஜாடிக்குப் போகாமல் எங்களுக்குப் போனது.

ஜாடியை எங்கே வைப்பது என்று கேட்டேன்.

“என் தொட்டிக்கு அடியில. உன் வீட்ல இருந்தா நீ தினம் திறந்து மோந்துட்டே இருப்பே.”

மூடியில் ஒட்ட ஒரு துண்டுத் தாள் கிழித்தாள். திறக்க வேண்டிய தேதியை எழுதினாள்: டிசம்பர் 19. அதற்குக் கீழே சின்ன எழுத்தில், “கிறிஸ்துமஸ் தேநீருக்கு. துல்சினா தொடக்கூடாது.”